நஞ்சு போடலன்னா என்னப்பா அர்த்தம்?

2020 பிப்ரவரி 7, வெள்ளிக்கிழமை. கொரோனாவுக்காக நோய் எச்சரிக்கை நிலைய ஏத்தி டோர்ஸ்கான் ஆரஞ்சுன்னு அறிவிச்ச அன்னிக்கு சிங்கப்பூர்ல இருந்தவங்களுக்கு ஞாபகம் இருக்கும், சாயங்காலம் ஊரே பேரங்காடிக்கு ஓடுச்சு. நானும் ஈசூன்ல ஒரு கடைல அரிசி மூட்டையையும் ரெண்டு கட்டு டிஷ்யூவையும் கட்டிப்பிடிச்சுக்கிட்டு கியூவுல நிக்கிறேன், அப்ப மெட்ராஸ்ல மாட்டு டாக்டருக்குப் படிக்கிற மகளோட வாட்சப். "அப்பா அர்ஜென்ட். ஒரு அம்மா மாட்ட கூட்டிட்டு வந்து நஞ்சு போடலன்னு சொல்றாங்க. மாட்டுக்கு யாரு விஷம் வெச்சது? நஞ்சு போடலன்னா என்னப்பா அர்த்தம்?"

எனக்கும் தெரியல. நான் பொறந்தது வளந்தது எல்லாம் இங்கதான், ஏர்கான் டெக்னிஷியன், மாட்ட கிட்டக்க பாத்ததே சின்ன வயசுல. கியூவ விட்டு நகராமலே வீட்டுக்கு போன் போட்டு அம்மாகிட்ட கேட்டேன். ரெண்டு நிமிஷம் சிரிச்சாங்க. "கன்னு போட்டதும் பின்னாடியே ஒரு பை விழணும்ல, அதுதான்டா நஞ்சு. நஞ்சுக்கொடி. அது உள்ளயே தங்கிருச்சுன்னு சொல்றா. புள்ளைய கைய விட்டு இழுக்க வேணாம்னு சொல்லு."

இத்தனைக்கும் என் மக தொடக்கக்கல்லூரி வரைக்கும் தமிழ் படிச்சவ, ஓ லெவல் தமிழ்ல ஏ1. திருக்குறள்ல நஞ்சு வந்தா பொருள் சொல்லுவா. மாட்டுக்குப் பின்னாடி தொங்குற நஞ்சு அவ சிலபஸ்ல இல்ல.

சிங்கப்பூர்லேர்ந்து வெட்னரி படிக்க பிள்ளைங்கள அனுப்ப நினைக்கிற ரெண்டு மூணு பேர் என்கிட்ட கேட்டுட்டாங்க, ஒவ்வொரு தடவையும் கோப்பி கடைல உக்காந்து முதல்லேர்ந்து சொல்ல முடியல, அதான் இங்க எழுதி வெச்சிடறேன்.

ஆரம்பம் ஒரு முயல்ல. பூனை வளக்கலாம்னா அப்ப வீவக (அரசாங்க அடுக்குமாடி) வீட்டுல பூனை கூடாது (2024 செப்டம்பர்லதான் அந்த விதிய மாத்தினாங்க), நாய்னா எங்க வீட்டுக்காரிக்கு பயம், சரின்னு ஒரு முயல் வாங்கிக் கொடுத்தேன். ஒரு நாள் ராத்திரி அது சாப்பிடவும் இல்ல புழுக்கை போடவும் இல்ல, வயித்துல எல்லாம் அப்படியே நின்னுபோச்சு. எமர்ஜென்சி கிளினிக்குக்கு டெக்சி புடிச்சு ஓடி, 400 வெள்ளிக்கு (சிங்கப்பூர் டாலர்) மேல பில்லு. முயல் பொழைச்சிருச்சு. அன்னிக்கு அந்த டாக்டர் அது வயித்த ரெண்டு விரலால தொட்டுத் தொட்டுப் பாத்தத என் மக வச்ச கண்ணு வாங்காம பாத்துக்கிட்டு இருந்தா. அப்ப அவளுக்கு பதினாலு வயசு.

ஏ லெவல் முடிக்கிறப்ப, 2016-ல, இங்க வெட்னரி டாக்டருக்குப் படிக்க யூனிவர்சிட்டி எதுவும் கிடையாது. தெமாசிக் பாலிடெக்னிக்ல வெட்னரி டெக்னாலஜி டிப்ளோமா உண்டு, நல்ல படிப்புதான், ஆனா அது டாக்டர் படிப்பு இல்ல. டாக்டர்னா ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, இங்கிலாந்து. அந்த ஃபீஸ ஒரு பேப்பர்ல கூட்டிப் பாத்துட்டு அந்தப் பேப்பர நானே மடிச்சு பாக்கெட்ல வெச்சுக்கிட்டேன், வீட்டுக்காரிகிட்ட காட்டல. சிபிஎஃப்லேர்ந்து, அதான் நம்ம மத்திய சேமநிதிலேர்ந்து, எடுக்கலாமேன்னு ஒருத்தர் சொன்னார், எடுக்க முடியாது. சிபிஎஃப் கல்வித் திட்டம் இங்க உள்ள அங்கீகரிச்ச படிப்புகளுக்குத்தான், வெளிநாட்டுக்கு இல்ல. இத முன்கூட்டியே தெரிஞ்சுக்குங்க, நான் தெரியாம ஒரு மாசம் கனவு கண்டேன்.

மெட்ராஸ் யோசனை என் அம்மாவோடது. "வேப்பேரில பெரிய மாட்டாஸ்பத்திரி இருக்கே, அங்க படிக்க வெக்க மாட்டாங்களா?" அவங்க மன்னார்குடி பக்கம். 1950-கள்ல கல்யாணம் ஆகி நாகப்பட்டினத்துலேர்ந்து ரஜூலா கப்பல் ஏறி வந்தவங்க. அப்பா செம்பவாங் நேவல் பேஸ்ல வேலை, குவாட்டர்ஸுக்குப் பின்னாடி இருந்த கம்பத்துல (கிராமத்துக் குடியிருப்பு) அம்மா ரெண்டு மாடு வெச்சு அக்கம்பக்கத்துக்கு பால் ஊத்துனாங்க. ஃபிளாட்டுக்கு வர்றப்ப மாட்ட வித்தாச்சு, வித்த அன்னிக்கு அம்மா சாப்பிடலன்னு அப்பா சொல்லுவார். அப்படிப்பட்டவங்களுக்கு பேத்தி மாட்டு டாக்டர்னா விடுவாங்களா?

சேக்குறதுல பட்ட பாடு தனி. முதல்ல பாடம். இந்தியாவுல வெட்னரிக்கு ஃபிசிக்ஸ், கெமிஸ்ட்ரி, பயாலஜி மூணும் வேணும். இங்க ஜேசில (தொடக்கக்கல்லூரி) பயோ எடுக்கிற பிள்ளைங்க நிறைய பேர் கெமிஸ்ட்ரியோட மேத்ஸ், எக்கனாமிக்ஸ்னு போயிடறாங்க, ஃபிசிக்ஸ் விட்டுப்போயிடும். அதனால ஜேசி முதல் வருஷம் காம்பினேஷன் போடுறப்பவே இத முடிவு பண்ணணும், ஏ லெவல் எழுதின பிறகு உக்காந்து அழுது பிரயோஜனம் இல்ல. என் மக ஸ்கூல்ல போய்க் கெஞ்சிக் கேட்டு மூணையும் எடுத்தா. ரெண்டாவது, நம்ம ஏ லெவல் அங்க பிளஸ் டூவுக்கு சமம்னு ஏஐயூ (இந்தியப் பல்கலைக்கழகங்கள் சங்கம்) கிட்டேர்ந்து ஒரு ஈக்விவலென்ஸ் சர்டிபிகேட் வாங்கணும், அதுக்கு நாள் ஆகும், ரிசல்ட் வந்த அன்னிக்கே ஆரம்பிச்சிடுங்க. மூணாவது, ஏஜென்ட். சிராங்கூன் ரோடு பக்கம் ஒருத்தர் ஆபிஸ் வெச்சு "சீட்டு கன்ஃபார்ம் அண்ணே, என் ஆளு உள்ளயே இருக்கான்"னு 3000 வெள்ளி வாங்கிட்டார். உள்ள ஆளும் இல்ல, வெளிய ஆளும் இல்ல. பல்கலைக்கழகத்தோட ப்ராஸ்பெக்டஸ்லயே வெளிநாட்டுல இருக்கிறவங்களுக்குன்னு தனி சீட்டு, தனி ஃபீஸ் எல்லாம் அச்சடிச்சு இருக்கு, நாமளே அப்ளை பண்ணலாம், பண்ணோம், கிடைச்சுது. 3000 வெள்ளி திரும்பி வரல. விதி வருஷா வருஷம் மாறுது, அதனால என்னைய நம்பாதீங்க, சேரப்போற வருஷத்து ப்ராஸ்பெக்டஸ வரி விடாம படிங்க.

அப்புறம் முக்கியமா ஒண்ணு, இத நிறைய பேர் கடைசில யோசிக்கிறாங்க. சிங்கப்பூர்ல கிளினிக்ல வைத்தியம் பாக்கணும்னா லைசென்ஸ் வேணும், 2019 மார்ச் வரைக்கும் ஏவிஏங்கிற அரசாங்க அமைப்பு குடுத்தாங்க, இப்ப என்பார்க்ஸுக்குக் (தேசிய பூங்காக் கழகம்) கீழ உள்ள ஏவிஎஸ்ங்கிற கால்நடைப் பிரிவு. எந்த யூனிவர்சிட்டி டிகிரி செல்லும்னு ஒரு லிஸ்ட் வெச்சிருக்காங்க. நீங்க எந்த நாட்டுக்கு அனுப்பினாலும் சரி, சேருறதுக்கு முன்னாடி அந்த லிஸ்ட்ட பாருங்க, சந்தேகம் இருந்தா எழுதிக் கேட்டு பதில எழுத்துல வாங்கி வெச்சுக்குங்க. என் மக கிளினிக் வெக்கிற ஆசையில போகல, "எனக்கு ஆடு மாடு கோழி, பண்ணை வேலைதான்பா"ன்னு தெளிவா இருந்தா, அதனால எங்களுக்கு அது பெரிய தலைவலியா இல்ல. உங்க பிள்ளைக்கு ஈசூன்லயோ அங் மோ கியோலயோ நாய் பூனை கிளினிக்தான் கனவுன்னா மத்த எதையும் விட இதத்தான் முதல்ல பாக்கணும்.

2017-ல அவள விட நானும் போனேன். சென்ட்ரல் ஸ்டேஷன்லேர்ந்து ஆட்டோல கொஞ்ச தூரம்தான், பெரியமேடு தாண்டி வேப்பேரி. பெரியமேடு தோல் வியாபாரத்துக்கு பேர்போன இடம், அதத் தாண்டித்தான் மாட்டாஸ்பத்திரி, எனக்கு உள்ளுக்குள்ள சிரிப்பு. காலேஜ் பழைய கட்டடம் செங்கல் கலர்ல கம்பீரமா நிக்குது. காலைல எட்டு மணி இருக்கும், அதுக்குள்ள ஆஸ்பத்திரி பக்கம் கூட்டம். ஒரு ஆள் டிவிஎஸ் 50-ல முன்னாடி ஆட்ட நிக்க வெச்சு ஓட்டிட்டு வந்தார். பக்கத்துல காருக்குள்ள ஏசில ஒரு பெரிய நாய். ஒரு சின்னப்பையன் அட்டைப்பெட்டில கோழி. குட்டியானைன்னு சொல்ற சின்ன லாரில கால் மடக்கிப் படுத்த மாடு ஒண்ணு, அதோட தலைய மடில வெச்சுக்கிட்டு ஒரு பாட்டி. எல்லாருக்கும் ஒரே ஓபி சீட்டுக் கவுன்ட்டர். சிங்கப்பூர்ல எமர்ஜென்சி கிளினிக்ல கார்டு தேச்ச எனக்கு அந்தச் சீட்டோட விலையப் பாத்து நம்ப முடியல, சில்லறைக் காசு.

அட்மிஷன் வேலைக்கு மூணு நாள் அலைஞ்சப்ப மத்தியான நேரத்துல வராண்டால உக்காந்து காலேஜ் கதையக் கேட்டேன், மிச்சத்த அப்புறம் நானே தேடிப் படிச்சேன். 1903 அக்டோபர் 1-ல சைதாப்பேட்டைல டாபின் ஹால்னு ஒரு கட்டடத்துல 20 மாணவர்களோட ஆரம்பிச்சது. 1905-ல வேப்பேரிக்கு வந்துச்சு. முதல்ல டிப்ளோமா மாதிரி ஜிஎம்விசின்னு ஒரு பட்டம், 1930-கள்ல மெட்ராஸ் யூனிவர்சிட்டியோட சேந்து பிவிஎஸ்சி டிகிரி, இந்தியாலயே முதல்ல டிகிரி கொடுத்த வெட்னரி காலேஜ் இதுதான். 1976-ல வேளாண் பல்கலைக்கழகத்துக்குக் கீழ போய், 1989-ல தனியா கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகம், அங்க எல்லாரும் டானுவாஸ்னு சொல்றாங்க, நாட்டுலயே இந்த மாதிரி முதல் பல்கலைக்கழகம். நாமக்கல் காலேஜ் 1985, அப்புறம் ஒரத்தநாடு, திருநெல்வேலின்னு பெருகிப்போச்சு.

இதுல எனக்கு பிடிச்ச விஷயம் வருஷம் இல்ல, ஏன் அரசாங்கம் இத நடத்துதுங்கிறது. உலகத்துல முதல் கால்நடை மருத்துவப் பள்ளிக்கூடமே பிரான்ஸ்ல லியான்ல 1760-கள் ஆரம்பத்துல க்ளோத் பூர்ஜெலாங்கிறவர் ஆரம்பிச்சது, ஒரு முக்கியமான காரணம் மாட்டு வெக்கை நோய் (ரிண்டர்பெஸ்ட்). ராஜாவுக்கு மாடு மேல பாசம்னு இல்ல, மாடு கூட்டம் கூட்டமா செத்தா உழவு இல்ல, உழவு இல்லன்னா வரி எங்கேர்ந்து வரும்? வெள்ளைக்காரன் இந்தியாவுல ஆரம்பிச்சதும் அதே கணக்குதான், பட்டாளத்துக்குக் குதிரை, ஊருக்கு வண்டிமாடு. ஆனா எதுக்கு ஆரம்பிச்சாலும் அது யாருக்குப் போய்ச் சேந்துச்சுன்னு பாருங்க. அந்த வெக்கை நோய் இந்தியால கடைசியா வந்தது 1995-ல, 2011-ல உலகத்துலேர்ந்தே ஒழிஞ்சதுன்னு அறிவிச்சாங்க. மனுஷ நோய்ல பெரியம்மைக்கு அப்புறம் இப்படி மொத்தமா ஒழிச்சுக்கட்டின நோய் மாட்டு நோய் ஒண்ணுதான். இத என் மக சொல்லித்தான் எனக்குத் தெரியும். ஊர் ஊரா போய் ஊசி போட்டவங்க பேர் எங்கயும் கிடையாது, அவங்கள்ல நிறைய பேர் இந்த மாதிரி காலேஜ்ல படிச்சுட்டு அரசாங்க சம்பளத்துல போனவங்க. யானை டாக்டர்னு பேர் வாங்கின வி.கிருஷ்ணமூர்த்தி இங்க படிச்சவர்தான், முதுமலை, டாப்ஸ்லிப்னு காட்டுலயே வாழ்க்கைய ஓட்டினவர். இந்தியாவோட முதல் பெண் கால்நடை டாக்டர்கள்ல ஒருத்தரான சக்குபாய் ராமச்சந்திரனும் இங்கதான். இத கேட்டதும் எங்க அம்மாவுக்கு ஒரே பெருமை, என்னமோ அவங்க சொந்தக்காரங்க மாதிரி.

சரி படிப்புக்கு வரேன். மொத்தம் அஞ்சரை வருஷம், நாலரை வருஷம் பாடம், ஒரு வருஷம் இன்டர்ன்ஷிப். முதல் வருஷம் அனாட்டமி, ஃபார்மலின் நெடி துணி துவைச்சாலும் போகலன்னு அழுதா. ஹாஸ்டல் சாப்பாடு பத்தி தினம் புகார், அது எல்லா ஹாஸ்டலுக்கும் உள்ளது, விடுங்க. போய் இறங்கினதும் ஸ்டூடன்ட் விசாக்காரங்க எஃப்ஆர்ஆர்ஓங்கிற வெளிநாட்டவர் பதிவு ஆபிஸ்ல பதியணும், 14 நாளுக்குள்ள, சிங்கப்பூர் பிள்ளைங்க இத சுத்தமா மறந்துடறாங்க, நாங்க பன்னெண்டாம் நாள் ஓடினோம். அதவிட முக்கியம் வெறிநாய்க்கடி தடுப்பூசி. சிங்கப்பூர்ல 1953-லேர்ந்து ரேபிஸ் இல்ல, அதனால நம்ம பிள்ளைங்களுக்கு அந்த பயமே கிடையாது, தெருவுல எந்த நாயப் பாத்தாலும் கொஞ்சும். அங்க அப்படி இல்ல. கடி வாங்கின பிறகு போடுறது வேற, வெட்னரி படிக்கப் போறவங்க முன்கூட்டியே போட்டுக்கணும், கடிச்சா அதுக்கு அப்புறமும் போடணும். மாட்டுக்கும் வெறி வரும், தொண்டைல ஏதோ சிக்கியிருக்குன்னு நினைச்சு வாய்க்குள்ள கைய விட்டுட்டு அப்புறம் தெரிஞ்சவங்க உண்டாம். என் மக ரெண்டாவது வருஷம் இத சொன்ன அன்னிக்கு எனக்குத் தூக்கம் வரல.

இப்ப அந்த நஞ்சு கதை. அன்னிக்கு வந்தது செங்குன்றம் பக்கத்துலேர்ந்து ஒரு அம்மா, விடிகாலைல கன்னு போட்ட மாடு, சாயங்காலம் வரைக்கும் விழல. வீட்டுல யாரோ தொங்குறதுல பழைய செருப்பக் கட்டி விட்டிருக்காங்க, வெயிட்டுக்கு இழுக்கும்னு. என் அம்மாவும் அதையேதான் சொன்னாங்க, "நாங்களும் செருப்பு கட்டுவோம், மூங்கில் எல போடுவோம்". பொதுவா எட்டு மணி நேரம், பன்னெண்டு மணி நேரத்துக்குள்ள தானா விழணும், விழலன்னா டாக்டர் பாக்கணும், ஆனா பலமா இழுக்கக் கூடாது, கர்ப்பப்பை கிழிஞ்சு ரத்தம் போகும், சீழ் வைக்கும். வெறுங்கையால தொடவும் கூடாது, அதுலேர்ந்து மனுஷனுக்கு விட்டு விட்டு ஜுரம் வர்ற ஒரு நோய், ப்ரூசெல்லா, தொத்தும். அதுக்குத்தான் தோள் வரைக்கும் வர்ற கையுறை. என் மக சீனியருக்குப் பின்னாடி நின்னு பாத்தவதான் அன்னிக்கு, ஆனா அந்த அம்மாகிட்ட கேள்வி கேக்குற வேலைய இவகிட்ட விட்டிருந்தாங்க. "எத்தனாவது ஈத்தும்மா?"ன்னு கேக்கணும், இவ "இதுக்கு முன்னால எத்தனை தடவை பிரசவித்தது?"ன்னு கேட்டிருக்கா. அந்த அம்மா இவள ஏற இறங்கப் பாத்துட்டு "பாப்பா எந்த ஊரு?"ன்னாங்களாம்.

அன்னிலேர்ந்து எங்க வீட்டுல ஒரு பழக்கம். ராத்திரி எட்டு மணிக்கு மேல வீடியோ கால்ல பேத்தியும் அப்பாயியும். நான் போன புடிச்சுக்கிட்டு ஸ்டாண்டு மாதிரி உக்காந்திருப்பேன்.

"அப்பாயி, பருவத்துக்கு வருதுன்னா?"

"காளைக்கு கத்துறதுடி."

"சினை நிக்கலன்னா?"

"ஊசி போட்டும் தங்கல."

"அப்ப கெடேரி?"

"இன்னும் கன்னு போடாத பொட்டச்சி. இதக்கூடவா உனக்குச் சொல்லித் தரல இஸ்கூல்ல?"

கோமாரி, சப்பை நோய், தொண்டை அடைப்பான், மடி நோய், வெள்ளைக் கழிச்சல், அசை போடல, வயிறு உப்பிக்கிச்சு, எல்லாத்தையும் ஒரு நோட்டுல ஒரு பக்கம் இங்கிலீஷ் பேரு, ஒரு பக்கம் அப்பாயி பேருன்னு எழுதினா. பாடம் பூரா இங்கிலீஷ்ல, வர்ற மாட்டுக்காரங்க பூரா தமிழ்ல, நடுவுல டாக்டர். அதனால உங்க பிள்ளைய அனுப்பறீங்கன்னா கிளினிக்ல அட்டாச்மென்ட் போறதோட சேத்து ஊர்ல மாடு வெச்சிருக்கிற சொந்தக்காரங்க வீட்டுல ஒரு மாசம் விடுங்க. சாணி அள்ளட்டும், தீவனம் போடட்டும், பால் கறக்கட்டும். நம்ம ஸ்கூல் தமிழ குறை சொல்லல, அது வேற வேலைக்கு.

2019 அக்டோபர்ல ஒரு விஷயம் இங்க பேப்பர் வரைக்கும் வந்துச்சு. திருமுல்லைவாயல்லேர்ந்து வந்த ஒரு மாட்டோட வயித்துலேர்ந்து இதே ஆஸ்பத்திரில அஞ்சரை மணி நேரம் ஆபரேஷன் பண்ணி 52 கிலோ பிளாஸ்டிக் எடுத்தாங்க. 52 கிலோ, என் வீட்டுக்காரி எடை. தெருவுல மேயுற மாடு சாப்பாட்டு மிச்சத்தோட பையையும் சேத்து முழுங்குது, அது முதல் இரைப்பைல போய் உருண்டையா இறுகி நின்னுக்குது, வெளிய வரவும் வழியில்ல. மாடு வயித்த காலால உதைக்கும், பால் குறையும், ஆனா வெளிய பாத்தா கொழுத்த மாடு மாதிரியே இருக்குமாம். ஆஸ்பத்திரி வாங்கின காசு 70 ரூபாய்னு போட்டிருந்தாங்க. ஒரு சிங்கப்பூர் வெள்ளி 50 ரூபாய்க்கு மேல இருந்த நேரம், அப்ப ஒரு வெள்ளி சொச்சம், தேக்கால, அதான் லிட்டில் இந்தியால, ஒரு தே தாரிக் (டீ) காசு. உடனே மகளுக்குப் போன், "நீ இருந்தியா, பாத்தியா"ன்னு. "இல்லப்பா ஜுரம், ஹாஸ்டல்ல படுத்திருந்தேன்"னா. எனக்கு வந்த கோவத்துக்கு அளவில்ல, அஞ்சரை வருஷத்துக்கு பணம் கட்டி அனுப்பினா முக்கியமான நாள் பாத்து ஜுரமா?

அப்புறம் யோசிச்சப்ப ஒண்ணு புரிஞ்சுது. நான் கட்டின ஃபீஸ்ல அவ படிக்கல. ஃபீஸ் பெஞ்சுக்கும் ஹாஸ்டலுக்கும். அவ கைக்கு வேலை கத்துக்கொடுத்தது அந்த சில்லறைக்காசு சீட்டுல வந்த மாடுங்க. அந்த ஆஸ்பத்திரி சல்லிசா இருக்கிறதுனாலதான் செங்குன்றத்து அம்மா குட்டியானை வாடகை கொடுத்தாவது மாட்ட ஏத்திட்டு வராங்க, அவங்க வர்றதுனாலதான் பிள்ளைங்க ஒரு நாளைக்கு இத்தனை கேஸ் பாக்குதுங்க. சீட்டு விலைய ஏத்தினா முதல்ல காணாமப்போறது மாடு, ரெண்டாவது காணாமப்போறது படிப்பு. ஒரு சீட்டு வாங்கிட்டு ரெண்டு மணி நேரம் நின்னவங்க இவள மாதிரி கத்துக்குட்டி வந்து தொடுறத, தப்பாக் கேள்வி கேக்குறத பொறுத்துக்கிட்டு நிக்கிறாங்களே, அவங்களுக்கு நாம ஒண்ணும் கொடுக்கல.

இங்க சிலபேர் கேப்பாங்க, பண்ணையே இல்லாத ஊருக்கு மாட்டு டாக்டர் எதுக்குன்னு. 1999-ல நிபா வைரஸ் வந்தப்ப நான் வேலைக்குச் சேந்து கொஞ்ச வருஷம்தான், மலேசியால பன்னிப்பண்ணைங்கள்ல ஆரம்பிச்சு இங்க இறைச்சிக்கூடத்துல வேலை செஞ்ச 11 பேருக்கு வந்துச்சு, ஒருத்தர் இறந்துபோனார். நம்ம தட்டுல வர்றது எல்லாம் எங்கயோ ஒரு ஊர்ல உசிரோட இருந்ததுதானே, அங்க ஒருத்தர் அத சரியா பாத்தாத்தான் இங்க நாம நிம்மதியா சாப்பிடலாம். ஆட்டுக்கொல்லி நோய் இந்தியால முதல்ல கண்டுபிடிச்சது 1987-ல விழுப்புரம் பக்கம், அது வெக்கை நோய்னு விட்டிருந்தா என்ன ஆயிருக்கும்னு என் மக ஒரு தடவை அரை மணி நேரம் விளக்கினா, எனக்குப் பாதிதான் புரிஞ்சுது.

கொரோனால 2020 மார்ச் 22-லேர்ந்து இந்தியா வெளிநாட்டு ஃபிளைட்ட நிறுத்தறதுக்கு ரெண்டு நாள் முன்னாடி இங்க வந்து சேந்தா. பல மாசம் ஆன்லைன் வகுப்பு. வெட்னரிய ஆன்லைன்ல படிக்கிறது நீச்சல தபால்ல கத்துக்கிற மாதிரிதான், ஆனா வீட்டுல ஒரு புது ஸ்டூடன்ட் சேந்துக்கிட்டாங்க. அம்மா பக்கத்து நாற்காலில உக்காந்து பாடம் கேப்பாங்க, இங்கிலீஷ் புரியாது, படம் வந்தா போதும். ஒரு நாள் மடி நோய் பாடம். வீங்கின மடி படம் ஸ்கிரீன்ல வந்ததும் அம்மா, "சோத்துக்கத்தாழையும் மஞ்சளும் சுண்ணாம்பும் அரைச்சுப் பூசச் சொல்லு"ன்னாங்க. என் மக சும்மா இருங்க அப்பாயின்னா. அப்புறம் தேடிப் பாத்தா டானுவாஸ்லயே புண்ணியமூர்த்திங்கிற பேராசிரியர் தஞ்சாவூர்ல மூலிகை வைத்திய ஆராய்ச்சி பண்ணி அதையேதான் அளவோட சொல்லியிருக்கார், கத்தாழை 250 கிராம், மஞ்சள் 50 கிராம், சுண்ணாம்பு 15 கிராம், மடியில இருக்கிற பால நல்லா கறந்துட்டு ஒரு நாளைக்குப் பலதடவை பூசணும். நாட்டுல நிறைய பால் சங்கங்கள்ல இத இப்ப சொல்லிக்கொடுக்கிறாங்க. அம்மாகிட்ட அளவ சொன்னேன். "நான் கைல அள்ளிப் போடுவேன், அது அந்த அளவுதான் இருக்கும்"னுட்டாங்க. ஆனா ஒண்ணு, செருப்பு கட்டுறது தப்புன்னு பேத்தி சொன்னத அவங்களும் ஒத்துக்கிட்டாங்க, "அப்ப ஒரு மாடு செத்தது அதுனாலதானோ என்னமோ"ன்னு ரொம்ப நேரம் ஜன்னல் பக்கமே பாத்துக்கிட்டு இருந்தாங்க. எந்த மாடுன்னு நான் கேக்கல.

2021-ல திரும்பிப் போய் மிச்சத்த முடிச்சா. இன்டர்ன்ஷிப்தான் அவளுக்கு ரொம்ப பிடிச்சது, பண்ணை, கிராமத்து ஆஸ்பத்திரின்னு ஊர் ஊரா. காட்டுப்பாக்கத்துல ஒரு வெள்ளாட்டுக்கு ராத்திரி ரெண்டு மணிக்கு மூணு குட்டி எடுத்துவிட்டத சொல்றப்ப குரலே வேற மாதிரி இருந்துச்சு. இப்ப நாமக்கல்ல மேற்படிப்பு, கோழி நோய். முட்டை சாப்பிடுறப்ப எல்லாம் எனக்கு ஒரு லெக்சர் உண்டு. பணக்கணக்கு கேக்குறவங்களுக்கு: ஆஸ்திரேலியாவுக்குப் போட்ட கணக்குல கால்வாசி கூட வரல, ஆனா டிக்கெட், விசா, ஊசி, அந்த 3000 வெள்ளி எல்லாம் சேத்து எழுதி வெச்சுக்குங்க, ஃபீஸ மட்டும் பாத்து ஏமாறாதீங்க.

2024 பொங்கலுக்கு வந்திருந்தா. தேக்கால வருஷா வருஷம் மாடு கொண்டுவந்து கட்டுவாங்கல்ல, அம்மாவ வீல்சேர்ல வெச்சுத் தள்ளிட்டுப் போனோம். கூட்டத்துல எல்லாரும் செல்ஃபி எடுத்துக்கிட்டு இருக்காங்க, இவ மட்டும் மாட்டுக்கு முன்னாடி நின்னு அது வாயவே பாத்துக்கிட்டு இருக்கா, "அசை போடுது, நல்லாருக்கு"ங்கிறா. அம்மா கைய நீட்டி கொம்ப தடவினாங்க. ஈத்துக்கு ஒரு வளையம்னு கொம்புல இருந்த வளையத்த விரலால ஒண்ணு ரெண்டுன்னு எண்ணிட்டு, "நாலு ஈத்து மாடு"ன்னாங்க.

"இல்ல அப்பாயி, பல்லப் பாத்தா மூணுக்கு மேல இருக்காது."

"நீ பல்ல எங்கடி பாத்த, அது வாய இறுக்கி மூடிக்கிட்டு இருக்கு?"

"இப்ப கொட்டாவி விட்டுச்சு, பாத்தேன்."

ரெண்டு பேரும் விடறதா இல்ல. கயித்த புடிச்சுக்கிட்டு நின்ன பண்ணைக்காரத் தம்பி ஒருத்தர், பட்டுக்கோட்டைப் பக்கம் பேச்சு, அவர்கிட்டயே கேட்டுட்டேன், தம்பி இது எத்தனாவது ஈத்துன்னு. அவர் மாட்ட ஒரு தடவை பாத்தார், அம்மாவ ஒரு தடவை பாத்தார்.

"தெரியல அண்ணே, நான் வந்தே ரெண்டு மாசந்தான் ஆகுது. ஆனா கொம்ப எண்ணாதீங்க ஆத்தா, பெயிண்ட் அடிக்கிறதுக்காக நேத்துதான் சொரண்டி விட்டோம்."